சுமைவண்டி ஒன்றின் வரலாறு

அரசர் ஊர்ந்த தேருக்கும் செல்வர் ஊர்ந்த சிவிகைக்கும் வரலாறு எழுதுவோர் பலர். ரொட்டியும் பாலும் அஞ்சற்பையும் நோயாளியும் சுமந்து சென்ற எளிய வண்டிக்கு வரலாறு எழுதுவோர் சிலரே. ஆயினும், ஒரு காலத்து மக்கள் எவ்வாறு உழைத்தனர், எதை வாங்கினர், எதற்கு வரி கொடுத்தனர், எதற்கு அஞ்சினர் என்பவற்றை அறிய விரும்புவோர்க்குத் தேரைவிடச் சுமைவண்டியே மிகுதியான செய்தியைச் சொல்லும். அத்தகைய வண்டிகளுள் ஒன்று ஜெர்மனியில் பிறந்த வோல்க்ஸ்வேகன் டிரான்ஸ்போர்ட்டர். அது பிறந்த வகையையும், வளர்ந்த வகையையும், உருமாறிய வகையையும் இக்கட்டுரையில் காண்போம்.

சொல்லும் பொருளும்

முதலில் சொல்லைக் காண்போம். ‘வேன்’ என்பது ‘கேரவன்’ என்னும் சொல்லின் தலைப்பகுதி தேய்ந்து எஞ்சிய வடிவம். நம் இலக்கணத்தார் இதனை முதற்குறை என்பர். ‘கேரவன்’ பாரசீக மொழியிலிருந்து ஐரோப்பாவுக்குச் சென்ற சொல். வணிகர் கூட்டமாகப் பொருள் ஏற்றிச் செல்லும் பயணத்தையே அது முதலில் குறித்தது. அக்கூட்டத்தைப் பண்டைத் தமிழர் ‘சாத்து’ என்றனர். சிலப்பதிகாரத்தில் கோவலனின் தந்தைக்கு மாசாத்துவான் என்னும் பெயர் அமைந்தது இதனாலேயே என்பர். ‘பஸ்’ என்பதும் ‘ஓம்னிபஸ்’ என்னும் இலத்தீன் சொல்லின் முதற்குறையே. ‘எல்லார்க்கும்’ என்பது அதன் பொருள். நாம் இங்கே கூறவந்த வண்டியோ சாத்தாகவும் பயன்பட்டது, எல்லார்க்கும் உரியதாகவும் பயன்பட்டது. ‘கோம்பி’ என்று பிரேசில் நாட்டார் இதனை அழைப்பர். பல பயன்களை இணைத்த வண்டி எனப் பொருள்படும் நீண்ட ஜெர்மானியச் சொல்லின் கடைக்குறை அது.

தட்டுவண்டியும் குறிப்பேடும்

ஜெர்மனியின் வோல்ஃப்ஸ்பர்க் நகரத்து மோட்டார்த் தொழிற்சாலை 1938-ஆம் ஆண்டில் நாஜி ஆட்சியினரால் தொடங்கப்பெற்றது. போர்க்காலத்தில் அங்கே படைக்கலன்களும் படை வண்டிகளும் செய்யப்பட்டன. வலுக்கட்டாயமாகக் கொண்டுவரப்பட்ட அயல்நாட்டுத் தொழிலாளர் பல்லாயிரவர் அங்கே உழைத்து நொந்தனர். 1945-இல் ஜெர்மனி தோற்றதும் தொழிற்சாலை பிரிட்டிஷ் படையினரின் பொறுப்பில் வந்தது. மேஜர் ஐவன் ஹர்ஸ்ட் என்னும் அலுவலர் அதனை மீண்டும் இயங்கச் செய்தார்.

தொழிற்சாலைக்குள் உறுப்புகளை ஓரிடத்திலிருந்து மற்றோரிடத்துக்குக் கொண்டு செல்ல வண்டிகள் போதவில்லை. ஆகவே தொழிலாளர் தாமே ஒரு வழி கண்டனர். ‘வண்டு’ என்று பின்னாளில் உலகம் அழைத்த சிறு காரின் அடிச்சட்டத்தை எடுத்து, அதன்மேல் பலகைத் தட்டு ஒன்றைப் பொருத்தினர். ஓட்டுநர் பின்பக்கம் எஞ்சினுக்கு மேலே அமர்வார். முன்னே சுமை இருக்கும். பார்வைக்கு அழகற்ற வண்டிதான். ஆனால் வேலை நடந்தது.

ஹாலந்து நாட்டு வணிகர் பென் பொன் இத்தட்டுவண்டியைக் கண்டார். ‘வண்டு’ காரை முதன்முதலில் ஜெர்மனிக்கு வெளியே கொண்டு சென்று விற்றவர் அவரே. 1947-ஆம் ஆண்டு அக்டோபரில் அவர் ஹாலந்துக்குக் கொண்டு சென்றவை ஐந்து கார்கள். அதற்கு முன்னரே, தட்டுவண்டியைத் தம் நாட்டில் விற்கலாம் என அவர் எண்ணினார். ஹாலந்துப் போக்குவரத்து அதிகாரிகள் இசையவில்லை. சாலையில் செல்லும் வண்டியில் ஓட்டுநர் முன்பக்கமே இருத்தல் வேண்டும் என்பது அவர்கள் கூறிய தடை. தடை கேட்டு அவர் ஓய்ந்துவிடவில்லை. 1947-ஆம் ஆண்டு ஏப்ரல் 23-ஆம் நாள் தம் குறிப்பேட்டில் ஒரு படம் வரைந்தார். ஒரு பெட்டி, முன்னே ஓட்டுநர், பின்னே எஞ்சின், இடையில் 750 கிலோகிராம் சுமை. சில கோடுகளே கொண்ட அப்படத்தில் வண்டியின் அமைப்பு முழுவதும் அடங்கிவிட்டது.

பிரிட்டிஷ் அதிகாரிகள் உடனே அதனை ஏற்கவில்லை. கார் செய்யவே தொழிற்சாலையின் ஆற்றல் போதாதிருந்தது. 1948-ஆம் ஆண்டு தொடக்கத்தில் ஹைன்ரிக் நோர்ட்ஹோஃப் தலைமைப் பொறுப்பேற்ற பின்னரே பணி தொடங்கியது.

முதல் முயற்சியும் தோல்வியும்

‘வண்டு’ காரின் அடிச்சட்டத்தின்மேலேயே பெட்டியைப் பொருத்தி முதல் மாதிரி செய்யப்பட்டது. 1949-இல் சாலையில் ஓட்டிப் பார்த்தபோது சட்டம் சுமை தாங்காமல் தொய்ந்தது. நால்வரைச் சுமக்கப் பிறந்த சட்டம் முக்கால் டன் சுமையைத் தாங்கும் என எதிர்பார்த்தது பிழை என்பது தெளிவாயிற்று. ஆகவே பொறியாளர் சட்டத்தையும் பெட்டியையும் வேறு வேறாகக் கொள்ளாமல், கீழே வலிவான குறுக்குத் தாங்கிகளும் நெடுந்தாங்கிகளும் அமைத்து, எல்லாம் ஓருடலாக இணையும்படி செய்தனர். எஞ்சினும் அச்சுகளும் மட்டுமே காரிலிருந்து பெறப்பட்டன.

மற்றோர் இடையூறு காற்று. தட்டையான முகமுடைய பெட்டி காற்றைக் கிழித்துச் செல்லாது, முட்டித் தள்ளும். பிரவுன்ஷ்வைக் தொழில்நுட்பக் கல்லூரியின் காற்றுச் சுரங்கத்தில் ஆய்ந்தபோது காற்றுத் தடை எண் 0.75 என வந்தது. முகத்தை வளைத்து, முன்கண்ணாடியை இரண்டாகப் பிரித்து, நடுவில் மூக்குப்போல் சற்றே புடைக்கும்படி சாய்த்து அமைத்ததும் அது 0.44 ஆகக் குறைந்தது. ‘வண்டு’ காரின் எண்ணோ 0.48. பெட்டிபோன்ற வண்டி, வளைந்த காரைவிட எளிதாகக் காற்றில் நழுவியது! பிற்காலத்தார் அழகென்று போற்றிய அந்த முகம் அழகுக்காக அமைந்ததன்று. காற்றுக்கு வழிவிட அமைந்தது.

1949-ஆம் ஆண்டு நவம்பர் 12-ஆம் நாள் வண்டி செய்தியாளருக்குக் காட்டப்பட்டது. 1950-ஆம் ஆண்டு மார்ச் 8-ஆம் நாள் தொடர் உற்பத்தி தொடங்கியது. அந்நாளில் ஒரு நாளைக்குச் செய்யப்பட்டவை பத்து வண்டிகளே.

முன்பாரமும் பின்பாரமும்

இவ்வண்டியின் சிறப்பு யாது? மாட்டுவண்டி ஓட்டிப் பழகியவர்க்கு இதனை எளிதில் விளக்கலாம். மூட்டை ஏற்றும்போது முன்பாரம், பின்பாரம் பார்த்து ஏற்றுவது வண்டிக்காரரின் கலை. முன்பாரம் மிகுந்தால் மாட்டின் கழுத்து நோகும். பின்பாரம் மிகுந்தால் நுகத்தடி மேலே தூக்கும்.

மோட்டார் வண்டிக்கும் இதே தொல்லை உண்டு. எஞ்சின் முன்னே இருந்து பின்சக்கரங்களைச் சுழற்றும் சாதாரண வேனில், சுமை இல்லாதபோது பின்பக்கம் இலேசாகி, ஈரச்சாலையில் சக்கரம் பற்றாமல் வழுக்கும். சுமை ஏற்றினாலோ பின்பக்கம் தாழ்ந்து முன்பக்கம் மிதக்கும். டிரான்ஸ்போர்ட்டரில் ஓட்டுநர் முன்னச்சின்மேல் அமர்ந்தார். எஞ்சின் பின்னச்சை ஒட்டி இருந்தது. சுமை இரண்டுக்கும் நடுவே வைக்கப்பட்டது. ஆகவே வெறும் வண்டியாயினும் சுமைவண்டியாயினும் முன்பாரமும் பின்பாரமும் ஏறத்தாழ ஒத்தே நின்றன.

எஞ்சின் சிறியது: 1,131 கன சென்டிமீட்டர் கொள்ளளவும் 25 குதிரைத்திறனும் உடையது. இன்றைய பெரிய மோட்டார் சைக்கிள் பலவற்றின் ஆற்றல் இதனினும் மிகுதி. இத்துணைச் சிறிய ஆற்றலைக் கொண்டு முக்கால் டன் சுமையை எவ்வாறு மேட்டில் ஏற்றுவது? பின்சக்கரங்களின் குடத்தருகே ஒவ்வொரு பக்கமும் ஒரு பற்சக்கர இணையைப் பொருத்தினர். போர்க்காலப் படைவண்டியிலிருந்து பெற்ற உத்தி அது. அதனால் வேகம் குறைந்து இழுவிசை கூடியது. அச்சும் உயர்ந்து, கரடுமுரடான பாதையில் அடிப்பகுதி தட்டாமல் சென்றது.

எஞ்சினைக் குளிர்விக்கத் தண்ணீர் தேவைப்படவில்லை. விசிறி வீசும் காற்றே போதும். தண்ணீர் இல்லை எனின், பனிக்காலத்தில் உறைவதும் இல்லை. கோடையில் கொதிப்பதும் இல்லை. குழாய் வெடிப்பதும் இல்லை. வட ஐரோப்பியக் குளிரிலும் பிரேசில் வெயிலிலும் ஒரே வண்டி ஓடியதற்கு இதுவே தலையாய காரணம்.

ஓருடல், பல தொழில்

பெட்டி ஒன்றாக இருந்தாலும் அதன் பயன் ஒன்றாக இருக்கவில்லை. சன்னல் இல்லாதது சரக்குவண்டி. சன்னலும் கழற்றத்தக்க இருக்கைகளும் உடையது கோம்பி. பயணிகளுக்கெனச் செய்தது சிற்றுந்து. 1951-இல் 23 சன்னல்கள் கொண்ட இருவண்ண ஆடம்பர வண்டி வந்தது. அதே ஆண்டில் நோயாளியை ஏற்றும் வண்டியும், வெஸ்ட்ஃபாலியா நிறுவனம் அமைத்த பயணத் தங்கல் வண்டியும் தோன்றின. 1952-இல் திறந்த தட்டுடைய லாரி வடிவம் சேர்ந்தது. 1954-இல் ஓர் இலட்சமாவது வண்டி வெளிவந்தபோது ஏறத்தாழ முப்பது வகைகள் இருந்தன. ரொட்டிக்கடைக்காரரும் இறைச்சி வணிகரும் அஞ்சல் துறையும் தீயணைப்புப் படையும் தத்தம் தொழிலுக்கு ஏற்றதைத் தேர்ந்தனர். போரில் இடிந்த நாட்டைச் சிறுதொழிலாளர் மீண்டும் கட்டியெழுப்பிய காலம் அது. அவர்களுக்குப் பெரிய லாரி வாங்கப் பணமில்லை, கைவண்டி போதவில்லை. இடைப்பட்ட தேவையை இவ்வண்டி நிறைவு செய்தது.

வோல்ஃப்ஸ்பர்க்கில் இடம் போதாமையால் ஹனோவர் நகரில் தனித் தொழிற்சாலை கட்டப்பட்டது. 1956-ஆம் ஆண்டு மார்ச் 8-ஆம் நாள், முதல் உற்பத்தி தொடங்கிய அதே நாளில், அங்கே வேலை தொடங்கியது. 1962-இல் பத்து இலட்சமாவது வண்டி வெளிவந்தது.

இக்காலத்தில் போட்டியாளரும் இருந்தனர். டி.கே.டபிள்யூ. நிறுவனம் 1949-இலேயே முன்சக்கரங்களை எஞ்சின் இயக்கும் வேன் ஒன்றைச் செய்தது. பின்னால் எஞ்சின் இல்லாமையால் அதன் தளம் தாழ்வாகவும் தட்டையாகவும் இருந்தது. ஹம்பர்க் நகரத்து டெம்போ நிறுவனம் ‘மட்டடோர்’ வண்டியைச் செய்தது. இப்பெயர்கள் தமிழர்க்குப் புதியன அல்ல. டெம்போவின் தொழில்நுட்ப உறவோடு எழுந்த பஜாஜ் டெம்போ நிறுவனம் இந்தியாவில் அவ்வண்டிகளைச் செய்ததால், தமிழ்நாட்டில் ‘டெம்போ’ என்பது ஒரு நிறுவனத்தின் பெயராக நில்லாமல், சிறு சுமைவண்டிக்கே பொதுப்பெயர் ஆயிற்று.

கோழிக்கும் வண்டிக்கும் என்ன தொடர்பு?

ஒரு பொருளின் விதியை எப்போதும் அதன் குணமே முடிவு செய்வதில்லை. அதற்கு நல்லதோர் எடுத்துக்காட்டு உண்டு. 1960-களின் தொடக்கத்தில் அமெரிக்கப் பண்ணைக் கோழிகள் மலிவாக ஐரோப்பாவில் குவிந்தன. தங்கள் உழவரைக் காக்க ஐரோப்பியப் பொதுச்சந்தை நாடுகள் 1962-இல் கோழிக்கு வரியை உயர்த்தின. அமெரிக்கா சினந்தது. 1963-ஆம் ஆண்டு டிசம்பரில் குடியரசுத் தலைவர் ஜான்சன் எதிர்வரி அறிவித்தார். பிராந்தி, உருளைக்கிழங்கு மாவு, டெக்ஸ்ட்ரின் ஆகியவற்றோடு சிறு சுமைவண்டிகளுக்கும் நூற்றுக்கு 25 வீதம் வரி விதிக்கப்பட்டது. ஏனையவற்றின் வரி பின்னர் நீங்கியது. வண்டிக்கான வரியோ அறுபது ஆண்டுகளுக்கு மேலாக நீடித்தது.

விளைவு யாது? சரக்கு ஏற்றும் டிரான்ஸ்போர்ட்டரை அமெரிக்காவில் விற்பது அரிதாயிற்று. பயணிகளை ஏற்றும் வடிவமோ கார் வகையாகக் கருதப்பட்டு அவ்வரிக்குத் தப்பியது. அமெரிக்கர் இதனைச் சுமைவண்டியாக நினையாமல், குடும்ப வண்டியாகவும் இளைஞரின் ஊர்சுற்றும் வண்டியாகவும் நினைப்பதற்கு இவ்வரியும் ஓரளவு காரணம் எனலாம். தொழிலாளியின் பெட்டி, விடுதலை வேட்கையின் அடையாளமாக மாறியதில் கோழிக்கும் பங்கு உண்டு!

விடுதலை என்னும் சொல்லை வெறும் ஊர்சுற்றலுக்கு மட்டும் உரியதாக்குதல் தகாது. தென் கரோலினா மாநிலத்து ஜான்ஸ் தீவில் ஈசா ஜென்கின்ஸ் என்னும் கறுப்பினப் பெரியவர் இருந்தார். 1940-களிலேயே தம் மக்களைச் சார்ல்ஸ்டன் நகரத்து வேலைக்குப் பேருந்தில் ஏற்றிச் சென்றவர் அவர். அக்காலத்தில் எழுத்துத் தேர்வில் தேறாதவர்க்கு வாக்குரிமை இல்லை. ஆகவே போகும் வழியில் பயணிகளுக்கு எழுத்தும் சட்டமும் கற்பித்தார். அம்முயற்சியின் தொடர்ச்சியாக 1957-இல் அத்தீவில் குடியுரிமைப் பள்ளி தொடங்கியது. பிற்காலத்தில் அவர் பயன்படுத்தியது 1966-இல் செய்யப்பட்ட வோல்க்ஸ்வேகன் வண்டி. அதன் பாகங்கள் இன்று வாஷிங்டன் நகரத்து ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்தில் உள்ளன. ஓடும் வண்டியையே வகுப்பறையாக்கிய அப்பெரியவரை ஆசிரியர்கள் நினைவிற் கொள்ளுதல் தகும்.

தலைமுறைகள்

1967-இல் இரண்டாம் தலைமுறை வந்தது. இரண்டாகப் பிளந்த கண்ணாடி மறைந்து, அகன்ற ஒற்றைக் கண்ணாடி அமைந்தது. பக்கக்கதவு தள்ளித் திறப்பதாயிற்று. பின்னச்சும் மேம்பட்டதால் பழைய பற்சக்கர இணைகள் நீங்கின. 1979-இல் மூன்றாம் தலைமுறை தோன்றியது. அதுவும் பின் எஞ்சின் வண்டியே. எனினும் 1981-இல் டீசல் எஞ்சினும், 1982-இல் தண்ணீரால் குளிரும் பெட்ரோல் எஞ்சினும் வந்தன. காற்றால் குளிரும் எஞ்சின் இரைச்சல் மிகுந்தது. அதன் புகையைக் கட்டுப்படுத்துவதும் கடினம். ஒரு காலத்தில் பெருமையாக இருந்தது மற்றொரு காலத்தில் குறையாயிற்று.

1990-இல் வந்த நான்காம் தலைமுறையில் தலைகீழ் மாற்றம் நிகழ்ந்தது. எஞ்சின் முன்னே சென்றது. முன்சக்கரங்களே வண்டியை இழுத்தன. இம்மாற்றத்துக்குக் காரணங்கள் இரண்டு. முதலாவது, பின்னால் எஞ்சின் இருக்கும்வரை அதன்மேல் தளம் உயர்ந்தே இருக்கும். பெரிய பொருளைப் பின்வழியாக எளிதில் ஏற்ற இயலாது. இரண்டாவது, ஓட்டுநரின் முழங்காலுக்கு முன்னே மெல்லிய தகடு அன்றி வேறொன்றும் இல்லை. நேருக்குநேர் மோதினால் அடியை வாங்குவது ஓட்டுநரே. 1972-இல் முன்பகுதி ஓரளவு வலுப்படுத்தப்பட்டது உண்மைதான். ஆயினும் அடிப்படை அமைப்பு மாறவில்லை. முன்பாரம் பின்பாரத்தைச் சமன் செய்த அதே இருக்கை, ஆபத்தின் வாயிலிலும் ஓட்டுநரை அமர்த்தியிருந்தது. டி.கே.டபிள்யூ. 1949-இல் சென்ற வழிக்கு வோல்க்ஸ்வேகன் நாற்பது ஆண்டுகள் கழித்து வந்து சேர்ந்தது.

பிரேசிலில் நீண்ட வாழ்வு

ஜெர்மனியில் வடிவம் மாறிய பின்னும் பழைய வண்டி மறையவில்லை. 1957-இல் பிரேசில் நாட்டு சாவோ பெர்னார்டோ டோ காம்போ நகரில் இதன் உற்பத்தி தொடங்கியது. அங்கே காய்கறி வணிகரும் பள்ளிப் பிள்ளைகளும் அஞ்சல்காரரும் இதனையே நம்பினர். விலை மலிவு, பழுது பார்ப்பதும் எளிது. 2005-ஆம் ஆண்டின் இறுதியில் புகைக்கட்டுப்பாட்டுச் சட்டத்தை முன்னிட்டுத் தண்ணீரால் குளிரும் எஞ்சின் அதிலும் புகுந்தது. 2014 முதல் எல்லாப் புதிய கார்களிலும் காற்றுப்பையும், சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் காக்கும் பிரேக் அமைப்பும் இருத்தல் வேண்டும் எனச் சட்டம் வந்தது. பழைய உடலில் அவற்றைப் பொருத்துதல் இயலவில்லை. ஆகவே 2013-ஆம் ஆண்டின் இறுதியில் உற்பத்தி முடிவுற்றது. 56 ஆண்டுகளில் அங்கே செய்யப்பட்டவை 15 இலட்சத்துக்கும் மேற்பட்டவை.

இம்முடிவைக் கேட்டு வருந்தியவர் பலர். பாசம் நியாயமானதே. ஆனால் பாசத்தின் பொருட்டு ஓட்டுநரின் உயிரைப் பணயம் வைத்தல் நியாயமாகாது. ஏழைக்கு மலிவான வண்டி வேண்டும் என்பதும் உண்மை. ஏழையின் உயிர் மலிவானதன்று என்பதும் உண்மை. சட்டம் இரண்டாவது உண்மையின் பக்கம் நின்றது.

இன்றைய நிலை

2022-இல் ‘ஐ.டி. பஸ்’ என்னும் மின்வண்டி வந்தது. ஹனோவரிலேயே அது செய்யப்படுகிறது. அதன் அடிப்படை அமைப்பில் மின்மோட்டார் பின்னச்சில் இருக்கிறது. கனமான மின்கலங்கள் தளத்தின் அடியில் இரு அச்சுகளுக்கும் நடுவே பரவிக் கிடக்கின்றன. 1947-இல் குறிப்பேட்டில் வரைந்த எடையொழுங்கு வேறொரு வகையில் திரும்பியது எனலாம். டிரான்ஸ்போர்ட்டர் என்னும் பெயர் தாங்கிய புதிய சரக்குவண்டியோ ஃபோர்டு நிறுவனத்தோடு கூட்டுறவாக அமைந்து, துருக்கியில் செய்யப்படுவது. உருவை ஒன்றும் பெயரை மற்றொன்றும் பங்கிட்டுக் கொண்டன.

இவ்வரலாற்றில் ஒரு செய்தி தெளிவாகிறது. தொழிலாளர் தம் தேவைக்குச் செய்த தட்டுவண்டி, அதிகாரி கூறிய ஒரு தடை, காற்றுச் சுரங்கத்தில் கிடைத்த ஓர் எண், கோழியின்மேல் விழுந்த வரி, உயிர் காக்க வந்த சட்டம் ஆகிய இவை யாவும் சேர்ந்தே ஒரு வண்டியின் உருவைச் செதுக்கின. தனியொருவர் கற்பனையில் முழுமையாகப் பிறந்த பொருள் உலகில் அரிது. வகுப்பில் மாணவர்க்குப் பொருள்களின் வரலாற்றைக் கற்பிக்க விரும்பும் ஆசிரியர், ‘இதனைக் கண்டுபிடித்தவர் யார்?’ என்னும் வினாவோடு நில்லாமல், ‘இதன் ஒவ்வோர் உறுப்பும் ஏன் இவ்வாறு அமைந்தது?’ என்றும் கேட்பாராயின், சாலையில் செல்லும் எளிய வேனும் நல்லதொரு பாடநூலாகும்.